ஒரு நாள் ஹம்பி

ஹம்பிக்குக் கிளம்புகிறவர்களுக்கு எல்லோரும் கைவசம் வைத்திருக்கும் அறிவுரை ஒன்று உண்டு. "ஒரு நாள் தாராளமாகப் போதும். ஹொஸ்பேட்டையில் காலையில் இறங்கி வண்டியும் ஒரு நல்ல கைடும் பிடித்துக்கொண்டால் சாயங்காலத்துக்குள் முடிந்துவிடும்." முடிந்த பிறகு நேரம் மிஞ்சினால் துங்கபத்ரா அணைக்கட்டின் தோட்டமும் உண்டு. இதற்கு வழக்கமாகச் சொல்லும் மறுப்பு, ஒரு நாளில் அவசர அவசரமாகத்தான் பார்க்க முடியும் என்பது. அது பலவீனமான மறுப்பு. அவசரமாகப் பார்ப்பது யாருக்கும் தீங்கில்லை. எந்த ஊரையும் எவரும் முழுதாகப் பார்த்து முடித்ததும் இல்லை. ஒரு நாள் சுற்றுலாவின் உண்மையான குறை வேறு. அது ஒரு பேரரசின் தலைநகரை எடுத்து, அதன் வரலாற்றையே திருத்தி, பயணியின் கையில் கொடுத்து அனுப்புகிறது. வாங்கிக்கொண்டவர் அதுதான் விஜயநகரம் என்று ஆயுசுக்கும் நம்புகிறார்.

இது எப்படி நடக்கிறது என்பதை வண்டி போகும் பாதையிலேயே காணலாம். யுனெஸ்கோ 1986-இல் பாரம்பரியச் சின்னமாக அறிவித்த பரப்பு ஏறத்தாழ 42 சதுர கிலோமீட்டர். அதில் 1,600-க்கும் மேற்பட்ட எச்சங்கள் இருக்கின்றன. ஒரு நாள் சுற்றில் வண்டி நிற்பது பதினைந்து இடங்களில் என்றாலே அதிகம். விருபாட்சர் கோயில், கடலெகாளு விநாயகர், கிருஷ்ணன் கோயில், உக்கிர நரசிம்மர், படவிலிங்கம், ஹஜார ராமர் கோயில், மகாநவமி மேடை, தாமரை மகால், யானைக் கொட்டில், கடைசியாகப் பேட்டரி வண்டியில் ஏறிப் போனால் விட்டலர் கோயிலின் கல்தேர். ஐம்பது ரூபாய் நோட்டைத் தேருக்கு முன்னால் பிடித்துப் படம் எடுத்தால் கணக்கு தீர்ந்தது. நிறுத்தத்துக்கு இருபது நிமிடம். இருபது நிமிடத்தில் ஒரு கைடு என்ன சொல்ல முடியும்? ஒரு அதிசயம் சொல்லலாம், ஒரு ராஜா பெயர் சொல்லலாம், ஒரு வில்லனைக் காட்டலாம். தூண் பாடும், கட்டியவர் கிருஷ்ணதேவராயர், உடைத்தவர்கள் சுல்தான்கள். நரசிம்மரின் கை எங்கே, கோபுரம் ஏன் மொட்டையாக நிற்கிறது என்று எங்கே கேட்டாலும் விடை ஒன்றே: 1565, தலைக்கோட்டைப் போர். ஒரே விடையைப் பதினைந்து இடத்தில் கேட்டவர், அதுவே அந்த நகரத்தின் கதை என்று எண்ணுவதில் வியப்பென்ன? இந்துக்கள் கட்டினார்கள், முஸ்லிம்கள் இடித்தார்கள், அன்றோடு பேரரசு அழிந்தது. இந்த மூன்று வாக்கியங்களில் முதல் இரண்டும் பாதி உண்மை. மூன்றாவது உண்மையே இல்லை.

இந்தக் கதைக்கு வலுவான அச்சு வடிவம் கொடுத்தவர் சென்னை மாகாணத்தில் பணியாற்றிய ராபர்ட் சூவெல். 1900-இல் வெளிவந்த அவருடைய 'மறக்கப்பட்ட பேரரசு' என்ற நூல், விஜயநகரத்தைத் தெற்கே இஸ்லாமிய ஆட்சி பரவாமல் தடுத்த இந்து அரணாக நிறுத்தியது. போர்த்துகீசியப் பயணிகளான பாயஸ், நூனிஸ் இருவரின் குறிப்புகளையும் ஆங்கிலத்தில் கொண்டுவந்த அந்த நூலுக்கு நாம் கடன்பட்டவர்கள்தான். ஆனால் அரண் என்ற அந்தச் சட்டகத்துக்குள் அடங்காத செய்திகள் ஏராளம். விஜயநகரத்தின் ஆட்சியைக் கையில் வைத்திருந்து தலைக்கோட்டையில் தலையிழந்த ராமராயரையே எடுத்துக்கொள்வோம். கோல்கொண்டா இளவரசன் இப்ராகிம் குதுப் ஷா அண்ணனுக்குப் பயந்து ஓடியபோது ஏழாண்டுக் காலம் அடைக்கலம் கொடுத்தது ராமராயரின் விஜயநகரம். பீஜப்பூரின் அலி ஆதில் ஷா, மகனைப் பறிகொடுத்த ராமராயருக்கு ஆறுதல் சொல்ல விஜயநகரத்துக்கே வந்தார். பின்பு இருவரும் சேர்ந்து அகமதுநகர் மீது படையெடுத்தார்கள். இப்படி ஒரு சுல்தானை இன்னொரு சுல்தான் மீது ஏவி, ஒவ்வொருவரிடமும் கொஞ்சம் நிலமும் நிறைய கௌரவமும் பறித்தார் ராமராயர். பொறுக்க முடியாமல் போனபோது பகையை மறந்து அவர்கள் ஒன்று சேர்ந்தார்கள். விஜயநகரப் படையிலேயே பெரிய பிரிவுகளுக்கு முஸ்லிம் தளபதிகள் இருந்தார்கள். அவர்கள் துரோகம் செய்ததால்தான் தோல்வி என்று கைடுகள் சொல்வதுண்டு. அது உண்மையென்றால், மதப்போர் நடத்தும் இந்து அரசு அத்தனை பெரிய படையை ஏன் அவர்களிடம் கொடுத்து வைத்திருந்தது என்ற கேள்வியும் கூடவே வருகிறது. இருபது நிமிடத்தில் யாரும் அதைக் கேட்பதில்லை.

வண்டி நிற்கும் இடங்களிலேயே மறுப்புக்கான சான்றுகள் கிடக்கின்றன என்பதுதான் வேடிக்கை. கிருஷ்ணன் கோயிலில் எல்லாச் சுற்றுலாவும் நிற்கிறது. கிருஷ்ணதேவராயர் உதயகிரிக் கோட்டையை வென்று, அங்கிருந்த பாலகிருஷ்ணர் சிலையை எடுத்துவந்து, 1515-இல் இங்கே பிரதிஷ்டை செய்தார். உதயகிரி யாருடையது? கலிங்கத்தை ஆண்ட கஜபதிகளுடையது. கஜபதி ஜகந்நாதரின் பக்தர். அவரும் இந்து அரசரே. இந்து அரசன் இன்னொரு இந்து அரசனின் கோட்டையைப் பிடித்து, அவனுடைய தெய்வத்தைக் கொண்டுவந்து, வெற்றிச் சின்னமாகத் தன் தலைநகரில் கோயில் எழுப்பியிருக்கிறான். தெய்வத்தைக் கவர்வது அன்றைய அரசுகளின் போர் முறையில் ஒரு பகுதி. கோயில் என்பது அரசனுடைய அதிகாரத்தின் முத்திரையும்கூட. ஆகவே அரசனை வீழ்த்த வந்தவன் கோயிலையும் குறிவைத்தான். தமிழ்நாட்டிலிருந்து போகிறவர்களுக்கு இது புதிதாக இருக்கக் கூடாது. மதுரைச் சுல்தானை வீழ்த்தியதற்காக நாம் நினைவில் வைத்திருக்கும் விஜயநகர இளவரசன் குமார கம்பணன், மதுரைக்கு முன்னால் தோற்கடித்தது படைவீட்டுச் சம்புவராயரை. அவர் தமிழ்ச் சைவ மண்ணின் அரசர். பேரரசுகள் விரிவது இப்படித்தான். குறுக்கே இருப்பவர் எந்தச் சாமியைக் கும்பிடுகிறார் என்று பார்த்து அவை விரிவதில்லை.

அடுத்து ஹஜார ராமர் கோயில். உள்ளே ராமாயணச் சிற்பங்களைக் காட்ட கைடுக்கு அவசரம். வெளி மதிலின் வெளிப்புறத்தில் வரிசை வரிசையாகச் செதுக்கியிருப்பதை நடந்தபடியே பார்த்துவிட்டுக் கூட்டம் உள்ளே போய்விடும். கொஞ்சம் நின்றால் தெரியும்: கீழே யானைகள், மேலே குதிரைகள், அதற்கும் மேலே படை வீரர்கள், ஆடும் பெண்கள். குதிரைகளைப் பிடித்துக்கொண்டு நடப்பவர்கள் சிலருக்குத் தாடி; உடையும் இந்த நாட்டு உடை அல்ல. கடல் தாண்டிக் குதிரை கொண்டுவந்த மேற்காசிய வணிகர்கள் அவர்கள். குதிரை இல்லாமல் அந்தப் பேரரசுக்குப் படை இல்லை. அவர்கள் இல்லாமல் குதிரை இல்லை. அரண்மனை வளாகத்தின் நடுவில், அரசனுடைய சொந்தக் கோயிலின் மதிலில், அவர்களுக்கு இடம் கொடுத்திருக்கிறார்கள். தாமரை மகாலின் வளைவுகளையும் யானைக் கொட்டிலின் பதினொரு கூடங்களுக்கு மேல் நிற்கும் குமிழ்க் கூரைகளையும் பார்த்துவிட்டு "இந்தோ-சரசெனிக்" என்று ஒரு சொல்லில் கடந்துபோவது வழக்கம். (அது ஆங்கிலேயர் காலத்துக் கட்டடங்களுக்கு வந்த பெயர், சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் பொருந்தும், இதற்குப் பொருந்தாது.) சுல்தான்களின் கட்டடக் கலையை விஜயநகரம் விரும்பி எடுத்துத் தன் அரண்மனைக்குப் பயன்படுத்திக்கொண்டது என்று சொன்னால் போதும். அதைச் சொன்னால் மதியம் சொல்லப்போகும் கதை நிற்காது.

கமலாபுரத்திலிருந்து விட்டலர் கோயிலுக்குப் போகும் வண்டிகள் இன்னொரு கட்டடத்தை நிற்காமல் தாண்டிப் போகின்றன. தலாரிகட்டுச் சாலையில் இருக்கும் அகமது கானின் மசூதி அது. இரண்டாம் தேவராயரிடம் அதிகாரியாக இருந்த அகமது கான் 1439-இல் கட்டியது. தூரத்திலிருந்து பார்த்தால் மசூதி என்றே தோன்றாது. தூண்கள் வைத்த திறந்த மண்டபம், ஹம்பியில் நூற்றுக்கணக்கில் இருப்பவை மாதிரி. பின் சுவரில் இருக்கும் மாடக்குழிதான் தொழுகைத் திசையைக் காட்டிக்கொடுக்கிறது. அதிலுள்ள கன்னடக் கல்வெட்டு, மன்னர் தேவராயரின் புண்ணியத்துக்காகக் கட்டப்பட்டது என்று சொல்லி, அந்தக் கட்டடத்தைத் தர்மசாலை என்று குறிக்கிறது. ஒரு முஸ்லிம் அதிகாரி தன் இந்து மன்னனுக்குப் புண்ணியம் சேரட்டும் என்று, மண்டப வடிவில் ஒரு மசூதியை, தலைநகருக்கு உள்ளேயே கட்டியிருக்கிறார். ஹம்பியில் ஒரே ஒரு கட்டடத்தைத்தான் விளக்க முடியும் என்றால் நான் இதைத்தான் தேர்ந்தெடுப்பேன். சுற்றுலா வண்டி இதை ஜன்னல் வழியாகக்கூடக் காட்டுவதில்லை.

அன்றோடு பேரரசு அழிந்தது என்பதையும் பார்த்துவிடலாம். போருக்கு இரண்டாண்டுக்குப் பின், 1567-இல், செசாரே ஃபெடெரிச்சி என்ற வெனிஸ் வணிகர் விஜயநகரத்தில் ஏழு மாதம் தங்கியிருந்தார். நகரம் முற்றாக அழியவில்லை, வீடுகள் நிற்கின்றன, ஆனால் ஆளில்லை என்பது அவர் சொன்னது. ராமராயரின் தம்பி திருமலர் மறுபடி குடியேற்ற முயன்றார். முடியாமல் பெனுகொண்டாவுக்குத் தலைநகரை மாற்றினார். அரச மரபு அங்கிருந்தும் பின்பு சந்திரகிரியிலிருந்தும் ஆண்டது. 1639-இல் கிழக்கிந்தியக் கம்பெனிக்குச் சென்னைப்பட்டினத்து மணல்வெளியைக் கொடுத்த தாமர்ல வேங்கடாத்ரி நாயக்கர், அந்த விஜயநகர மன்னரின் கீழ் இருந்தவர்தான். தலைக்கோட்டைக்கு எழுபத்து நான்கு ஆண்டு கழித்து நடந்தது அது. ஹம்பியிலேயே விருபாட்சருக்குப் பூசை இன்றும் நடக்கிறது. படவிலிங்கத்தின் அடியில் எப்போதும் தண்ணீர் நிற்பதைக் காட்டி மகிமை சொல்வார்கள். அது வாய்க்கால் நீர். ராயர்கள் காலத்தில் வெட்டிய துருத்து வாய்க்கால் இன்றும் கரும்புக்கும் வாழைக்கும் நெல்லுக்கும் பாய்கிறது. இடிபாட்டைப் பார்க்க மட்டுமே வந்தவர்களுக்கு, இடியாமல் ஐந்நூறு ஆண்டாக வேலை செய்துகொண்டிருப்பது கண்ணில் படுவதில்லை.

இதற்கு வரும் முக்கியமான எதிர்ப்பு, கோயில்கள் உடைந்து கிடப்பது பொய்யா என்பது. பொய்யல்ல. சூறையும் நெருப்பும் கொலையும் நடந்தன. விட்டலர் கோயில் எரிந்த தடயம் கண்ணெதிரே இருக்கிறது. பீஜப்பூர் அரசவையில் இருந்து எழுதிய ஃபெரிஷ்தா, அகமதுநகரில் ராமராயரின் படை மசூதிகளை அவமதித்தது என்று மதக் காரணத்தையும் சொல்கிறார். அதை மறைக்க வேண்டியதில்லை. ஆனால் அதே ஃபெரிஷ்தா, ராமராயரின் மனைவி அலி ஆதில் ஷாவை மகனாகப் பாவித்ததையும் எழுதியிருக்கிறார். ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை விடுவது வரலாறு ஆகாது. எல்லாம் மத வெறிதான் என்றால், விட்டலர் கோயில் எரிந்தபோது விருபாட்சர் கோயில் ஏன் தப்பியது என்பதற்கும் விடை சொல்லியாக வேண்டும்.

சாமானியனுக்கு விடுமுறையும் காசும் ஒரு நாளுக்குத்தான் இருக்கிறது, அவனுக்கு இத்தனை நுணுக்கம் எதற்கு என்பார்கள். இந்த வாதத்தில் சாமானியனை மட்டமாக எடைபோடும் குணம் இருக்கிறது. ஒரு நாள்தான் என்றால் ஒரு நாளே இருக்கட்டும்; நிறுத்தங்களைக் குறைப்பதற்குக் கூடுதல் செலவில்லை. கைடுகளையும் குற்றம் சொல்ல முடியாது. அகமது கான் மசூதியைப் பற்றிக் கேட்டால் சொல்லத் தெரிந்தவர்கள் அவர்களில் இருக்கிறார்கள். நேரத்தை நிர்ணயிப்பவர் ஏற்பாட்டாளர். எல்லாமே பார்த்தாகிவிட்டதா என்று பட்டியலைச் சரிபார்ப்பவர் பயணி.

ஆகவே ஏற்பாட்டாளர்களுக்கு ஒரு கோரிக்கை. அணைக்கட்டுத் தோட்டத்தை விட்டுவிடுங்கள். பதினைந்தை ஐந்தாக்குங்கள்: விருபாட்சர், கிருஷ்ணன் கோயில், ஹஜார ராமர் மதில், அகமது கான் மசூதி, விட்டலர். நடுவில் அரை மணி நேரம் துருத்து வாய்க்கால் கரையில் நடக்க விடுங்கள். ஒவ்வொரு இடத்திலும் ஒரு மணி நேரம் கொடுத்தாலும் சாயங்காலத்துக்குள் ஹொஸ்பேட்டை திரும்பிவிடலாம். வாசகர்களில் சென்னைக்காரர்கள் அதற்கும் முன்னால் ஒன்று செய்யலாம். உதயகிரியிலிருந்து ராயர் எடுத்துவந்த அந்தப் பாலகிருஷ்ணர் இன்று ஹம்பியில் இல்லை. எழும்பூர் அரசு அருங்காட்சியகத்தில் இருக்கிறார். அவரைப் பார்த்துவிட்டு ரயில் ஏறுங்கள்.