கேட்டுப் பெற்ற நாற்காலியும் மக்கள் தந்த நாற்காலியும்

2007 நவம்பரில் கிள்ளான் செஷன்ஸ் நீதிமன்றத்தில் மூன்று வழக்கறிஞர்கள் குற்றம் சாட்டப்பட்டவர்களாக நின்றார்கள். பொ. உதயகுமார், அவருடைய தம்பி பொ. வேதமூர்த்தி, வீ. கணபதிராவ். மூவர் மீதும் தேச நிந்தனைக் குற்றச்சாட்டு. சில நாட்களில் விடுவிக்கப்பட்டார்கள். அதற்கிடையே, நவம்பர் 25 அன்று, இந்தியர் உரிமைக்காக இவர்கள் முன்னின்று நடத்திய ஹிண்ட்ராஃப் இயக்கத்தின் பேரணி கோலாலம்பூர் வீதிகளை நிறைத்துவிட்டது. கண்ணீர்ப் புகையும் தண்ணீர்ப் பீரங்கியும் அந்தக் கூட்டத்தைக் கலைத்தன. அது எழுப்பிய கேள்வியைக் கலைக்க முடியவில்லை.

ஒரே வழக்கில் நின்றவர்களில் இருவர் பிறகு வேறு வேறு வழியில் நாடாளுமன்றத்துக்குள் நுழைந்தார்கள். வேதமூர்த்தி நியமனத்தால் மேலவைக்கும், கணபதிராவ் வாக்குச் சீட்டால் மக்களவைக்கும் சென்றார்கள். இந்த இரண்டு வழிகளுக்கும் உள்ள தூரத்தை மலேசியத் தமிழர்கள் நிதானமாக அளந்து பார்க்க வேண்டும்.

வேதமூர்த்தி லண்டனில் பாரிஸ்டர் பட்டம் பெற்றவர். இந்தியர்களைச் சஞ்சிக்கூலிகளாகக் கொண்டுவந்து பாதுகாப்பின்றிக் கைவிட்டுப் போனதாக பிரிட்டிஷ் அரசு மீது 2007 ஆகஸ்ட் 30 அன்று லண்டனில் வழக்குத் தொடுத்தார். நாடு சுதந்திரப் பொன்விழாக் கொண்டாடுவதற்கு முந்தைய நாள் அது. அதே ஆண்டு அக்டோபர் இறுதியில், தீபாவளி நெருங்கும் வேளையில், ஷா ஆலம் பாடாங் ஜாவாவில் மாரியம்மன் கோயில் உடைக்கப்பட்டது. அந்தக் காயம்தான் தோட்டத்திலிருந்தும் புறம்போக்கு வீடுகளிலிருந்தும் மக்களைச் சாலைக்கு இழுத்து வந்தது. டிசம்பரில் ஹிண்ட்ராஃப் தலைவர்கள் ஐவர் விசாரணையின்றிச் சிறைவைக்கும் இசா சட்டத்தில் கமுந்திங் தடுப்பு முகாமுக்குப் போனார்கள். வேதமூர்த்தி லண்டனில் தஞ்சமிருந்து, 2012 ஆகஸ்டில்தான் திரும்பினார்.

2013 மார்ச்சில் 21 நாள் உண்ணாநோன்பு இருந்தார். ஏப்ரல் 18 அன்று தேசிய முன்னணியுடன் புரிந்துணர்வு ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டார். தோட்டத் துண்டாடலால் இடம்பெயர்ந்தவர்கள், அடையாள ஆவணமற்றவர்கள், கல்வி, வேலைவாய்ப்பும் தொழிலும் என நான்கு துறைகள் அதில் இடம்பெற்றன. தேர்தல் முடிந்ததும் செனட்டர் பதவி வந்தது. பிரதமர் துறையில் துணையமைச்சர் பதவியும் வந்தது. ஒன்பது மாதம் நிறையும் முன்பே, 2014 பிப்ரவரியில், வாக்குறுதிகள் நிறைவேறவில்லை என்று சொல்லி விலகினார். 2018இல் நம்பிக்கைக் கூட்டணி ஆட்சியில் மீண்டும் செனட்டரானார். ஒற்றுமைத் துறை அமைச்சரானார். அந்த ஆண்டு நவம்பரில் சுபாங் ஜெயா சீஃபீல்டு மாரியம்மன் கோயிலில் கலவரம் வெடித்தபோது அவர் பதவி விலக வேண்டும் என்ற கூச்சல் நாடெங்கும் எழுந்தது. 2020 பிப்ரவரியில் ஆட்சியே கவிழ, அந்தப் பதவியும் போயிற்று.

இரு முறையும் பதவி கைநழுவியதைத் தனிமனிதக் குறையாக மட்டும் பார்ப்பது நேர்மையாகாது. உண்ணாநோன்பு இருந்த உடல் பொய் சொல்லவில்லை. ஆனால் அமைச்சரவையில் அவர் பேச்சுக்குப் பின்னால் ஒரு தொகுதி இல்லை. வீதியில் ஆயிரமாயிரம் பேரைத் திரட்டியவர், மேலவையில் நியமித்தவரின் விருப்பத்தை நம்பி உட்கார வேண்டியிருந்தது.

கிள்ளான் வேறொரு வழியைக் காட்டியது. 2008 மார்ச் 8 அன்று, கமுந்திங்கில் அடைபட்டிருந்த வழக்கறிஞர் மா. மனோகரனை கோத்தா ஆலாம் ஷா வாக்காளர்கள் சிலாங்கூர் சட்டமன்றத்துக்குத் தேர்ந்தெடுத்தார்கள். வீடு வீடாக வந்து வாக்குக் கேட்க முடியாத வேட்பாளருக்கு மக்கள் தாங்களே வந்து வாக்களித்தார்கள். 2013இல் அதே தொகுதி கணபதிராவுக்குக் கிடைத்தது. மாநில ஆட்சிக்குழுவில் இடமும் கிடைத்தது. 2022இல் அவர் கிள்ளான் நாடாளுமன்ற உறுப்பினரானார். அவர் பணியில் குறை காண்பவர்கள் உண்டு. அடுத்த தேர்தலில் அந்தக் குறையை அவர் முகத்துக்கு நேரே சொல்லும் வாய்ப்பு கிள்ளான் மக்கள் கையில் இருக்கிறது. செனட்டரிடம் அப்படிச் சொல்ல யாருக்கும் வாய்ப்பில்லை.

மேலவையில் 70 இடங்கள். 26 பேரை மாநிலச் சட்டமன்றங்கள் தேர்ந்தெடுக்கின்றன. 44 பேர் நியமனம். 1957இல் இந்தக் கணக்கு நேர்மாறாக இருந்தது: மாநிலங்களுக்கு 22, நியமனத்துக்கு 16. மாநிலங்களின் குரலாகப் பிறந்த அவை, பிரதமர் பரிந்துரையின் அவையாக மாறிவிட்டது.

நியமனத்துக்கு ஒரு நியாயம் உண்டு. நாட்டில் இந்தியர் பெரும்பான்மையாக உள்ள நாடாளுமன்றத் தொகுதி ஒன்றுகூட இல்லை. சிறுபான்மையினரின் பிரதிநிதிகளை நியமிக்கலாம் என்று அரசியலமைப்பின் 45ஆம் பிரிவே சொல்கிறது. அந்தக் கதவை முழுதாக அடைக்கும்படி நான் கேட்கவில்லை. அந்தப் பிரதிநிதி யாரைக் கேட்டு நியமிக்கப்படுகிறார் என்பதுதான் கேள்வி. பிரிக்பீல்ட்ஸ் துன் சம்பந்தன் சாலைக் கடைக்காரரோ, கிள்ளான் தெங்கு கிளானா சாலைப் பூக்கடைப் பெண்ணோ ஒரு செனட்டரைத் தேர்ந்தெடுத்ததாகச் சரித்திரம் இல்லை.

வழி புதிதாகத் தேட வேண்டாம். அதே 45ஆம் பிரிவின் நான்காம் உட்பிரிவு இதற்கு இடம் கொடுத்திருக்கிறது. நாடாளுமன்றம் சட்டம் இயற்றி ஒவ்வொரு மாநிலத்துக்கும் உள்ள செனட்டர்களை இரண்டிலிருந்து மூன்றாக உயர்த்தலாம். அவர்களை மக்களே நேரடியாகத் தேர்ந்தெடுக்கச் செய்யலாம். நியமன இடங்களைக் குறைக்கலாம், நீக்கவும் செய்யலாம். சுதந்திரம் பெற்ற காலத்திலேயே எழுதிவைக்கப்பட்ட இந்த வாசலை எந்த ஆட்சியும் திறக்கவில்லை.

அடுத்த பொதுத்தேர்தலுக்கு முன் கட்சிகள் நம் வாசலுக்கு வரும். கோயில் மண்டபத்தில் காசோலை நீட்டுவார்கள். ஒரு செனட்டர் பதவி தருவதாகவும் சொல்வார்கள். அந்த நாற்காலியை நாமே தேர்ந்தெடுக்கும் உரிமையைத் தருவீர்களா என்று கேளுங்கள். பதில் எழுத்தில் வரும்வரை கேட்டுக்கொண்டே இருங்கள்.