பிள்ளையின் டப்பாவில் என்ன இருக்கிறது?

பள்ளிக்கூடம் போகும் பிள்ளையின் பையைத் திறந்து பாருங்கள். புத்தகம் இருக்கும். நோட்டு இருக்கும். தண்ணீர்ப் பாட்டில் இருக்கும். மத்தியானச் சோற்று டப்பா இருக்கும். அதற்குப் பக்கத்தில் இன்னொரு சின்ன டப்பா இருக்கும்.

அந்தச் சின்ன டப்பாவைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறோம்.

காலை 11 மணி வாக்கில் பள்ளிகளில் இடைவேளை விடுகிறார்கள். 10 நிமிடமோ, 15 நிமிடமோ! அப்போது தின்பதற்கான டப்பா அது. மழலைப் பள்ளிக்குப் போகும் பிள்ளைக்கு, மதியச் சோற்றை விட இந்தத் தீனி மேல்தான் கண்.

இன்று பல வீடுகளில் இந்த டப்பாவை நிரப்புகிறவர் யார்? கடைக்காரர்! கிரீம் பிஸ்கட், சிப்ஸ், கேக் என்று ஏதாவது ஒரு பொட்டலம். காலையில் அவசரம். பொட்டலத்தைப் பிரி, டப்பாவில் கொட்டு, மூடு. வேலை முடிந்தது.

என் கருத்து இது: அந்த டப்பாவை நம் அடுப்படியில் இருந்தே நிரப்ப வேண்டும். அதற்கு அதிகப் பணம் வேண்டாம். அதிக நேரமும் வேண்டாம். ஆனால் ஒரு நிபந்தனை உண்டு. அந்த வேலை அம்மா ஒருத்தியின் தலையில் விழக் கூடாது.

சின்ன வயிறு

சின்னப் பிள்ளைக்கு வயிறும் சின்னது. பெரியவர்களைப் போல ஒரே வேளையில் நிறையச் சாப்பிட முடியாது. கொஞ்சம் கொஞ்சமாகத்தான் சாப்பிடும். சீக்கிரமே மறுபடியும் பசிக்கும்.

ஏழரை மணிக்கு வேன் வந்து நிற்கிறது. பிள்ளை அரை இட்லியைத் தின்றுவிட்டு ஓடுகிறது. 11 மணிக்கு வயிறு காலி! பசித்த பிள்ளைக்குப் பாடம் ஏறாது. கண் கரும்பலகையில் இருக்கும். நினைப்பு டப்பாவில் இருக்கும்.

தமிழ்நாட்டுக்கு இது தெரியாத சேதி அல்ல. 1956-ல் காமராஜர் ஆட்சியில் பள்ளிப் பிள்ளைகளுக்கு மதிய உணவுத் திட்டம் வந்தது. 1982-ல் எம்.ஜி.ஆர். ஆட்சியில் அது சத்துணவுத் திட்டமாக விரிந்தது. 2022-ல் அரசுத் தொடக்கப் பள்ளிகளில் காலை உணவுத் திட்டம் தொடங்கியது. இவை எல்லாவற்றுக்கும் அடிப்படை ஒன்றுதான். முதலில் வயிறு, பிறகு படிப்பு!

வயிறு நிறைந்தால் மட்டும் போதுமா? போதாது. 2019 முதல் 2021 வரை நடந்த தேசியக் குடும்ப நல ஆய்வு ஒரு கணக்குச் சொல்கிறது. தமிழ்நாட்டில் 6 மாதம் முதல் 5 வயது வரை உள்ள குழந்தைகளில் 100-க்கு 57 பேருக்கு இரத்த சோகை! சோற்றுக்குப் பஞ்சம் இல்லாத வீட்டிலும் இந்தக் குறை இருக்கிறது. வயிறு நிறைவது வேறு. உடம்பில் சத்து சேர்வது வேறு.

ஆகவே, பிள்ளை வாயில் போடும் ஒவ்வொரு பிடிக்கும் மதிப்பு உண்டு. அந்த 11 மணித் தீனிக்கும் உண்டு.

பொட்டலத்தின் பின்பக்கம்

பொட்டலத்தின் முன்பக்கம் அழகாக இருக்கும். பழத்தின் படம் இருக்கும். பால் வழிவது போல இருக்கும். அதைப் பார்த்து மயங்காதீர்கள். திருப்பிப் பின்பக்கத்தைப் படியுங்கள்.

அதில் என்னென்ன சேர்ந்திருக்கிறது என்று சிறிய எழுத்தில் அச்சிட்டிருப்பார்கள். எது எடையில் அதிகமோ, அதை முதலில் போட வேண்டும் என்பது சட்டம். பெரும்பாலான கிரீம் பிஸ்கட்டுகளில் முதலில் வருபவை எவை? மைதா, சர்க்கரை, பாமாயில்! முன்பக்கத்தில் சிரித்த பழத்தைப் பின்பக்கத்தில் தேட வேண்டியிருக்கும்.

இன்னொரு சட்டமும் இருக்கிறது. கொழுப்பு, உப்பு, சர்க்கரை மிகுந்த பண்டங்களைப் பள்ளிக்கூடத்திலும், அதைச் சுற்றி 50 மீட்டருக்குள்ளும் பிள்ளைகளுக்கு விற்கக் கூடாது. 2020-ல் மத்திய அரசின் உணவுப் பாதுகாப்பு ஆணையம் இந்த விதியைக் கொண்டுவந்தது.

பள்ளிக்கூட வாசலில் விற்கக் கூடாது என்கிற பண்டத்தை, நாமே டப்பாவில் வைத்து, வகுப்புக்கு உள்ளேயே அனுப்பலாமா? யோசித்துப் பாருங்கள்!

பிஸ்கட் விஷம் அல்ல. என்றைக்கோ ஒரு நாள் தின்றால் ஒன்றும் ஆகிவிடாது. தினமும் அதுவே தீனி என்று ஆவதுதான் தவறு.

கணக்குப் போடுவோம்

"வீட்டில் செய்தால் செலவு ஆகுமே?" என்று கேட்பவர்கள் உண்டு. கணக்குப் போட்டுப் பார்ப்போம்.

ஒரு கிலோ கொண்டைக்கடலை 100 ரூபாய் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒரு பிள்ளைக்கு ஒரு வேளைக்கு 30 கிராம் போதும். ஊறி வெந்தால் அது இரண்டு மடங்காகப் பெருகும். ஒரு கிலோவில் 33 வேளை வரும். ஒரு வேளைக்கு 3 ரூபாய்! எண்ணெய், தேங்காய், எரிவாயு எல்லாம் சேர்த்தாலும், மிகச் சிறிய பிஸ்கட் பொட்டலத்தின் விலையைத் தாண்டுவது கடினம். உங்கள் ஊர் விலையை வைத்து நீங்களே போட்டுப் பாருங்கள்.

சத்துக் கணக்கும் பார்ப்போம். 100 கிராம் வேர்க்கடலையில் சுமார் 25 கிராம் புரதம் இருக்கிறது. பிள்ளை வளரப் புரதம் வேண்டும். 100 கிராம் கேழ்வரகில் 340 மில்லிகிராமுக்குக் குறையாமல் சுண்ணாம்புச் சத்து இருக்கிறது. அதே எடை அரிசியில் 10 மில்லிகிராம் இருந்தாலே அதிகம். எலும்புக்கும் பல்லுக்கும் வேண்டியது இந்தச் சுண்ணாம்புச் சத்துதான்.

ஐந்து நாள், ஐந்து தீனி

திங்கள் முதல் வெள்ளி வரை என்ன கொடுக்கலாம்? இதோ ஒரு வழி.

திங்கள்: சுண்டல். முந்தின இரவே கொண்டைக்கடலையை ஊற வையுங்கள். காலையில் உப்புப் போட்டுக் குக்கரில் நன்றாகக் குழைய வேக விடுங்கள். கடுகு, கறிவேப்பிலை தாளியுங்கள். தேங்காய்த் துருவலைத் தாளிப்பிலேயே போட்டு ஒரு வதக்கு வதக்குங்கள். பச்சையாகப் போட்டால் வெயில் காலத்தில் ஊசிப் போகும். ஆறிய பிறகு கொஞ்சம் எலுமிச்சம்பழம் பிழியுங்கள். சுவைக்கு மட்டும் அல்ல. கடலையில் உள்ள இரும்புச் சத்து உடம்பில் சேர எலுமிச்சை உதவுகிறது. கொண்டைக்கடலை பிடிக்காத பிள்ளைக்குப் பச்சைப் பயறு போடுங்கள்.

செவ்வாய்: கேழ்வரகு அடை. ஒரு டம்ளர் மாவுக்கு ஒரு பிடி முருங்கைக்கீரை. கொஞ்சம் வெங்காயம், உப்பு. வெந்நீர் விட்டுப் பிசைந்தால், ஆறிய பிறகும் மெத்தென்று இருக்கும். தோசைக் கல்லில் மெல்லியதாகத் தட்டி, இரண்டு பக்கமும் வேக விடுங்கள். பிள்ளையின் வாய்க்கு அளவாகத் துண்டு போடுங்கள்.

புதன்: குழிப்பணியாரம். வீட்டில் மீந்த இட்லி மாவு போதும். காரட்டைத் துருவிப் போடுங்கள். வெங்காயம் சேருங்கள். பணியாரக் கல் இல்லையா? அதே மாவைச் சின்னச் சின்ன ஊத்தப்பமாக ஊற்றுங்கள். ரூபாய் நாணயம் போல இருந்தால் பிள்ளை எண்ணி எண்ணித் தின்னும்!

வியாழன்: அவல். கெட்டி அவலை அலசி, தண்ணீர் தெளித்து 10 நிமிடம் வையுங்கள். கொஞ்சம் வெல்லத்தூள், தேங்காய்த் துருவல், ஒரு சிட்டிகை ஏலக்காய்த் தூள். அடுப்பே பற்ற வைக்க வேண்டாம். தை மாதத்தில் சர்க்கரைவள்ளிக் கிழங்கு மலிவாகக் கிடைக்கும். அப்போது அவலுக்குப் பதில் அதை அவித்து வைக்கலாம்.

வெள்ளி: கடலை உருண்டையும் கொய்யாத் துண்டும். ஒரு டம்ளர் வேர்க்கடலையை வறுத்துத் தோல் நீக்குங்கள். அரை டம்ளர் வெல்லத்தைப் பொடித்துச் சேருங்கள். மிக்சியில் விட்டு விட்டு அரையுங்கள். கடலையில் இருந்தே எண்ணெய் கசியும். பாகு காய்ச்ச வேண்டாம். அப்படியே உருட்ட வரும். இரண்டு கரண்டி வறுத்த எள் சேர்த்தால் இன்னும் நல்லது. ஞாயிற்றுக்கிழமை செய்து, ஈரம் படாத டப்பாவில் வைத்தால் ஒரு வாரம் இருக்கும்.

என்றைக்காவது எதுவுமே செய்ய முடியவில்லையா? ஒரு வாழைப்பழம் வையுங்கள். அதுவும் நல்ல தீனிதான். யாரும் குறை சொல்ல முடியாது.

கவனம் வேண்டும்

வீட்டில் செய்தது எல்லாம் நல்லது என்று சொல்லிவிட முடியாது. முறுக்கு, சீடை, வடை எல்லாம் நம் பண்டங்கள்தான். ஆனாலும் தினமும் எண்ணெயில் பொரித்த பண்டம் வேண்டாம். பண்டிகைக்குச் செய்தால் பண்டிகையோடு நிற்கட்டும். வெல்லமும் ஒரு வகைச் சர்க்கரைதான். இனிப்பு வாரத்தில் ஒரு நாள், இரண்டு நாள் போதும். இனிப்புத் தின்ற பிறகு வாய் கொப்பளிக்கச் சொல்லுங்கள்.

இன்னொரு எச்சரிக்கை. 5 வயதுக்கு உட்பட்ட பிள்ளைக்கு முழு வேர்க்கடலை, முழுத் திராட்சை கொடுக்காதீர்கள். சிரிக்கும்போதும் ஓடும்போதும் அது மூச்சுக் குழாயில் போய் அடைத்துக்கொள்ளும். கடலையைப் பொடித்து உருண்டையாக்குங்கள். திராட்சையை நீளவாக்கில் நறுக்குங்கள். சுண்டலை விரலால் நசுக்கிப் பாருங்கள். நசுங்கினால்தான் பிள்ளைக்கு. சில பிள்ளைகளுக்கு வேர்க்கடலை உடம்புக்கு ஒத்துக்கொள்ளாது. தின்றதும் தடிப்பு, வீக்கம், மூச்சுத் திணறல் வந்தால் உடனே டாக்டரிடம் ஓடுங்கள். அதைப் பள்ளியிலும் சொல்லி வையுங்கள்.

சூடான பண்டத்தை உடனே மூடாதீர்கள். உள்ளே வியர்த்துக் கெட்டுப் போகும். ஆற விட்டு மூடுங்கள். எவர்சில்வர் டப்பா நல்லது. மூடியில் ரப்பர் வளையம் இருந்தால் அதைக் கழற்றிக் கழுவிக் காய வையுங்கள். அழுக்கு ஒளிந்திருக்கும் இடம் அதுதான்.

டப்பாத் தீனியே மருந்து ஆகிவிடாது. பிள்ளை வெளிறிப் போய், சோர்ந்து கிடந்தால் ஆரம்ப சுகாதார நிலையத்தில் காட்டுங்கள்.

"எனக்கும் அதுதான் வேணும்!"

"பக்கத்துப் பையன் கிரீம் பிஸ்கட் கொண்டு வர்றான். எனக்கும் அதுதான் வேணும்!" என்று பிள்ளை அழும். சில பிள்ளைகள் சுண்டல் டப்பாவைத் திறக்கவே வெட்கப்படும். சுண்டல் என்றால் இல்லாத வீட்டுத் தீனி என்ற எண்ணம் எப்படியோ அதன் மனதில் புகுந்துவிட்டது.

புகுத்தியது யார்? நாம்தான்! விருந்தாளி வந்தால் கடையில் வாங்கியதைத் தட்டில் வைக்கிறோம். வீட்டில் செய்ததை மறைக்கிறோம். பிள்ளை அதைப் பார்த்துக்கொண்டுதானே இருக்கிறது?

கடலை மிட்டாயையே எடுத்துக்கொள்ளுங்கள். வேர்க்கடலையும் வெல்லமும் சேர்ந்த பண்டம். கோவில்பட்டிக் கடலை மிட்டாய்க்கு 2020-ல் புவிசார் குறியீடு கிடைத்தது. நாடே மதிக்கும் பண்டத்துக்கு நாம் வெட்கப்படலாமா?

பிள்ளையை அடிக்காதீர்கள். திட்டாதீர்கள். உருண்டை பிடிக்கும்போது பக்கத்தில் உட்கார வையுங்கள். அதன் கையிலும் கொஞ்சம் மாவைக் கொடுங்கள். கோணல் மாணலாக உருட்டட்டும்! தான் உருட்டிய உருண்டையைப் பிள்ளை வேண்டாம் என்று சொல்லாது. வகுப்பில் நாலு பேருக்குக் காட்டிவிட்டுத்தான் தின்னும்.

அப்பா என்ன செய்கிறார்?

இப்போது முக்கியமான இடத்துக்கு வருகிறோம்.

"வீட்டில் செய்யுங்கள்" என்று சொல்வது எளிது. செய்வது யார்? விடியற்காலையில் எழுந்து, காபி போட்டு, சமைத்து, பிள்ளையைக் குளிப்பாட்டி, தானும் வேலைக்கு ஓடுகிற அம்மாவா? அவள் பொட்டலத்தைப் பிரித்தால் அவளைக் குறை சொல்லுவது நியாயமா? நியாயம் இல்லை. அவளுக்கு இருப்பது இரண்டு கைகள்தான்.

வீட்டில் இன்னும் கைகள் இருக்கின்றன. செல்போனைப் பிடித்திருக்கும் கைகள்!

இரவு கொண்டைக்கடலையை ஊற வைக்க என்ன கைத்திறன் வேண்டும்? கடலையை அள்ளிப் போட்டுத் தண்ணீர் ஊற்ற வேண்டும். அவ்வளவுதான். அப்பா செய்யலாம். ஞாயிற்றுக்கிழமை கடலை வறுப்பதும் அரைப்பதும் அப்பா வேலை. உருட்டுவது பிள்ளைகள் வேலை. டப்பாவைக் கழுவிக் கவிழ்ப்பது வீட்டில் பெரிய பிள்ளையின் வேலை. அது பையனாக இருந்தாலும் சரி! காலையில் அம்மாவுக்கு மிஞ்சுவது ஒரு தாளிப்பு மட்டும்தான்.

ஆண் பிள்ளை கரண்டி பிடித்தால் உப்புக் கரித்துவிடாது. கல்யாண வீட்டில் ஆயிரம் பேருக்குச் சமைக்கிறவர்களில் ஆண்கள் எத்தனை பேர்! தன் பிள்ளைக்கு ஒரு பிடி சுண்டல் செய்வதில் என்ன கௌரவக் குறைச்சல்?

இதில் இன்னொரு நன்மையும் உண்டு. அப்பா கடலை ஊற வைப்பதைப் பார்த்து வளரும் பையன், நாளைக்குத் தன் வீட்டிலும் ஊற வைப்பான். அவன் மனைவி தனியாக மல்லாட வேண்டியிருக்காது.

இன்று ஞாயிற்றுக்கிழமை. கடையில் ஒரு கிலோ கொண்டைக்கடலை வாங்கி வாருங்கள். இரவு படுக்கப் போகும் முன் ஒரு பிடியை எடுத்துத் தண்ணீரில் போடுங்கள். நாளைக் காலை 11 மணிக்கு உங்கள் பிள்ளை டப்பாவைத் திறக்கும்போது, உங்கள் வீட்டு அடுப்படி வாசனை வரட்டும்.