யாருக்கு ‘ஜீரோ பட்ஜெட்’?

“காசே தேவையில்லை, செல்போன் இருந்தால் படம் எடுக்கலாம்” என்கிறார்கள். பாதி உண்மை. மீதிப் பாதியைப் பேசுவோம்.

எனக்கு ஊர் வன்னியம்பட்டி, ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவே. எங்கள் பக்கம் நண்பர்கள் சேர்ந்து எடுக்கும் குறும்படங்களின் செலவுக் கணக்கைப் பாருங்கள். மாடி வீடு மாமாவுடையது, இலவசம். தென்னந்தோப்பு சித்தப்பாவுடையது, இலவசம். கோயில் வாசலுக்கு ஊர்ப் பெரியவரிடம் ஒரு வார்த்தை போதும். அந்த மாமாவுக்கும் சித்தப்பாவுக்கும் நிலமும் வீடும் எப்படி வந்தன என்று யாரும் கேட்பதில்லை. சேரியிலிருந்து ஒருவர் அதே தோப்பில் கேமராவை நிறுத்தினால் முதலில் வரும் கேள்வி, “தம்பி எந்தத் தெரு?” அதற்குப் பிறகு வாடகை கொடுத்தாலும் இடம் கிடைப்பதில்லை. ஜீரோ எல்லோருக்கும் ஒரே ஜீரோ அல்ல.

அதனால் எடுக்காமல் இருந்துவிட முடியுமா? மதுரையில் ஒரு தெருவில் மலம் அள்ளும் பெண்ணின் அன்றாட வேலையைப் பின்தொடர்ந்தே அமுதன் ஆர்.பி. 2003-இல் ‘பீ’ எடுத்தார். அதற்கு மாடி வீடும் தோப்பும் தேவைப்படவில்லை. திவ்யபாரதியின் ‘கக்கூஸ்’ பலரிடம் திரட்டிய பணத்தில் 2017-இல் வந்தது. மலக்குழி மரணங்களைச் சாதியின் பெயர் சொல்லிப் பேசிய அந்தப் படத்தைப் பல ஊர்களில் திரையிட விடாமல் காவல்துறை தடுத்தது. இயக்குநருக்கு மிரட்டல்கள் வந்தன. எடுப்பதற்கு ஆன செலவைவிடக் காட்டுவதற்குக் கொடுத்த விலை பெரிது.

எனவே தனி ஆளின் திறமையை மட்டும் நம்பிப் பயனில்லை. கேரளத்தில் ஜான் ஆபிரகாமும் ஒடேசா குழுவினரும் ஊர் ஊராகப் படம் காட்டி, மக்களிடம் காசு வாங்கி, 1986-இல் ‘அம்ம அறியான்’ படத்தைக் கொண்டுவந்தார்கள். நமக்கும் அப்படியொரு கூட்டுமுயற்சி வேண்டும். நாலு ஊருக்குப் பொதுவாக ஒரு மைக், ஒரு ட்ரைபாட், ஒரு புரொஜெக்டர். எடிட்டிங் தெரிந்தவர் இன்னும் இரண்டு பேருக்குச் சொல்லிக்கொடுக்கட்டும். மாடி வீடும் தோப்பும் உள்ள தோழர்கள், அடுத்தவர் படத்துக்கும் அவற்றைத் திறந்துவிடுங்கள். கூடவே நில்லுங்கள், கேள்வி வந்தால் நீங்கள் பதில் சொல்லுங்கள்.

முதல் திரையிடல் சேரியில் நடக்கட்டும். வெள்ளை வேட்டி ஒன்றும் கரண்டும் இருந்தால் போதும். ஊர்த் தெருக்காரர்கள் அங்கே வந்து உட்கார்ந்து பார்க்கட்டும்.