அதுவும் கோடிங் தான்!

பிளேஸ்மென்ட் சீசன்ல நம்ம ஹாஸ்டல்ல ஓடுற இந்த ஜோக்கை நீங்களும் கேட்டிருப்பீங்க. "மச்சி, அவனுக்கு கோடிங் வேலை கிடைச்சிடுச்சு." "சூப்பர்டா! ஜாவாவா, பைத்தானா?" "இல்லடா, மெடிக்கல் கோடிங்." உடனே எல்லாரும் சிரிப்போம். நானும் சிரித்திருக்கிறேன். இப்போ சிரிப்பு வருவதில்லை. ஏன்னு சொல்றேன், கடைசி வரை படிங்க.

முதலில் வேலை என்னன்னு பார்ப்போம். சென்னை, கோவை, திருச்சி என்று பல ஊர்களில் நம்ம ஆட்கள் அமெரிக்க மருத்துவமனைகளின் ரிப்போர்ட்டைப் படித்து, ஒவ்வொரு நோய்க்கும் காயத்துக்கும் ஒரு கோட் போடுகிறார்கள். அதை வைத்துத்தான் அங்கே இன்சூரன்ஸ் பணம் வரும். 2015 அக்டோபர் 1 முதல் அங்கே நடைமுறையில் இருப்பது ஐசிடி-10-சிஎம்.

தொடை எலும்பு முறிவையே எடுத்துக்கோங்க. எஸ்72 என்று ஆரம்பிக்கும். புள்ளிக்குப் பிறகு 0 என்றால் இடுப்பு மூட்டை ஒட்டிய தலை, கழுத்துப் பகுதி. 3 என்றால் நடுத்தண்டு. 4 என்றால் முழங்கால் பக்கத்து முனை. வலதா இடதா என்பதற்கும் இடம் உண்டு. பழைய ஐசிடி-9-ல் அது கிடையாது. ஏழாவது எழுத்துக்கு மட்டும் 16 வாய்ப்புகள்: தோல் கிழிந்ததா இல்லையா, சிகிச்சை நடக்கிறதா, எலும்பு ஒழுங்காகக் கூடுகிறதா, தாமதமா, கோணலா... எஸ்72.001ஏ என்று பார்த்தால், வலது தொடை எலும்பின் கழுத்தில் முறிவு, தோல் கிழியவில்லை, சிகிச்சை நடக்கிறது என்று ஏழு எழுத்தில் படித்துவிடலாம்.

டாக்டர் எழுத மறந்தால்? அதற்கும் விதி இருக்கு. தோல் கிழிந்ததான்னு எழுதலையா, கிழியவில்லை என்று எடுத்துக்கொள். எலும்பு விலகியதான்னு எழுதலையா, விலகியது என்று எடுத்துக்கொள். நம்ம பாஷையில் டிஃபால்ட் வேல்யூ!

ஆனா ஒரு விதிதான் என்னை நிறுத்தியது. நோயாளிக்கு ஆஸ்டியோபொரோசிஸ், அதாவது எலும்புப்புரை, இருப்பது தெரிந்திருந்து, நல்ல எலும்பை உடைக்காத சின்ன விழுதலில் எலும்பு உடைந்தால், அதற்கு எஸ்72 போடக் கூடாது. எம்80 போட வேண்டும். எஸ் என்றால் காயம். எம் என்றால் எலும்பு, தசை நோய். அதே எலும்பு, அதே எக்ஸ்ரே. ஆனால் ஒன்று விபத்து, இன்னொன்று நோய்.

மெடிக்கல் கோடிங்கில் இருக்கும் ஒரு சீனியர் அக்கா போனில் இதைச் சொன்னபோது எனக்கு அப்பத்தா ஞாபகம்தான் வந்தது. அப்பத்தா பாத்ரூமில் வழுக்கி விழுந்து வலது இடுப்பு உடைந்தது. ஆபரேஷன் நல்லாவே பண்ணாங்க. டிஸ்சார்ஜ் சம்மரியில் ஒரே வரி: வழுக்கி விழுந்ததால் முறிவு. "வயசாச்சுல்ல" என்று நாங்களும் விட்டுட்டோம். ஒரு வருஷம் கழித்து கட்டிலில் இருந்து இறங்கும்போது இடது பக்கம் உடைந்தது. அப்போதுதான் வேறொரு டாக்டர் டெக்ஸா ஸ்கேன் எடுக்கச் சொன்னார். எலும்புப்புரை. முதல் தடவையே இருந்திருக்கும். யாரும் கேட்கவில்லை, நாங்களும் கேட்கவில்லை. இப்போ அப்பத்தா வாக்கர் இல்லாமல் வாசல் வரைகூட வருவதில்லை.

"அந்த சம்மரி உங்ககிட்ட வந்திருந்தா என்ன கோட் போட்டிருப்பீங்க?" என்று அக்காவிடம் கேட்டேன். "எஸ்72 தான்டா. டாக்டர் எழுதாததை நாங்க ஊகிக்கக் கூடாது. ஆனா ரிப்போர்ட்ல வேற எங்கேயாவது சின்ன க்ளூ இருந்தா, டாக்டருக்கு கேள்வி அனுப்புவோம்."

இந்தக் கேள்விதான் அந்த வேலையின் உயிர் என்று நான் நினைக்கிறேன். இதெல்லாம் பணத்துக்காகத்தானே என்று நீங்க கேட்கலாம். ஆமாம், பெரும்பாலும் பில்லுக்காகத்தான். அதுக்காக அந்தக் கேள்வி பொய்யாகிவிடாது. இதையெல்லாம் ஏஐ செய்துவிடும் என்றும் சொல்வீங்க. எழுதியிருப்பதை ஏஐ படிக்கும், சரி. ஆனா அதற்குப் பயிற்சி கொடுக்கும் டேட்டாவில் அப்பத்தா மாதிரி எத்தனை பேர் வெறும் 'விபத்து' என்று பதிவாகியிருக்கிறார்கள்? லேபிள் தப்பா இருந்தா மாடலும் தப்பாத்தான் கத்துக்கும். இது நமக்கு மூன்றாம் வருஷத்திலேயே சொல்லிக் கொடுத்த பாடம்.

அதனால ரெண்டு விஷயம். அடுத்த தடவை ஹாஸ்டலில் அந்த ஜோக் வந்தா, அந்த வேலைக்குப் போகிறவனிடம் எஸ்72-க்கும் எம்80-க்கும் என்ன வித்தியாசம்னு கேளுங்க. அவன் சொல்வதைக் கவனிங்க. இன்னொன்று, இதைவிட முக்கியம். உங்க வீட்டுப் பெரியவங்க நின்ற இடத்தில் விழுந்து எலும்பு உடைந்தால், ஆபரேஷன் முடிந்ததும் கிளம்பி வந்துடாதீங்க. "டாக்டர், எலும்பு ஏன் உடைஞ்சது? எலும்புப்புரை இருக்கான்னு பார்க்கணுமா?" என்று கேளுங்க.

நாங்க கேட்கல. நீங்க கேளுங்க.