போஸ் என்கிற பெயர்

இலுப்பூர் பேருந்து நிலையத்தருகே டீக்கடை டிவியில் ஏதோ ஒரு போலீஸ் படம் ஓடிக்கொண்டிருந்தது. கதாநாயகன் வந்தபோது நிமிராத கடைக்காரர், காக்கிச்சட்டையில் இன்னொருவர் வந்ததும் ஆற்றிக்கொண்டிருந்த டீயை அப்படியே நிறுத்தி, “நம்ம அறந்தாங்கி ஆளு சார், மெட்டி ஒலி போஸ்” என்றார். 2002 முதல் 2005 வரை சன் டிவியில் வந்த தொடர் அது. அதில் ஏற்ற பாத்திரத்தின் பெயரே முன்னால் ஒட்டிக்கொண்டு, நடிகர் வெங்கட், ‘போஸ் வெங்கட்’ ஆகிவிட்டார். 2003-இல் பாரதிராஜாவின் ‘ஈர நிலம்’, பிறகு ‘சிவாஜி’, ‘தீரன் அதிகாரம் ஒன்று’ என்று எத்தனையோ படங்கள். பலவற்றிலும் அதே போலீஸ் உடுப்பு. எனக்கென்னவோ இது நம் இயக்குநர்களின் சோம்பேறித்தனம் என்றே படுகிறது. மீசையையும் குரலையும் கண்டால் போதும், உடனே தொப்பியை மாட்டிவிடுகிறார்கள். அவரோ 2020-இல் ‘கன்னி மாடம்’ என்று ஒரு படத்தை இயக்கினார்; சாதி ஆணவத்தைப் பேசிய படம். பார்த்தீர்களா என்று கேட்டேன். “அவரு படம்லாம் எடுத்தாரா?” என்றார் கடைக்காரர், சர்க்கரை போட மறந்த டீயை நீட்டியபடி.