ஜப்பானியரின் குளிர் நூடுல்ஸ்: ஒரு சிந்தனை

சூடாக உண்பதே உணவு என்னும் எண்ணம் நம்மிடையே வேரூன்றியுள்ளது. ஆறியதைப் பரிமாறினால் விருந்தினரை மதிக்காத செயலாகக் கருதுவாரும் உளர். ஜப்பானியரோ கோடைக்காலத்தில் கோதுமை நூடுல்ஸைப் பனிக்கட்டி நீரில் குளிர்வித்து விரும்பி உண்கின்றனர். இவ்வுணவை நம் இல்லங்களிலும் செய்யலாம் என்பதும், அங்ஙனம் செய்யுங்கால் நம் மார்க்க நெறிக்கேற்ப அதனை மாற்றிக்கொள்வது குறையாகாது என்பதும் என் கருத்து.

இதன் பெயர் 'ஹியாஷி சூக்கா'. 'குளிர்வித்த சீன உணவு' என்று பொருள்படும். கோடையில் சூடான சீன நூடுல்ஸ் விலைபோகாமையால், 1937-இல் சென்டாய் நகர உணவகம் ஒன்று இதனைப் படைத்தது என்பர். அப்பெருமைக்குத் தோக்கியோ உணவகம் ஒன்றும் உரிமை கொண்டாடுகிறது. கோடை பிறந்ததும் 'ஹியாஷி சூக்கா தொடங்கிவிட்டோம்' என்று உணவகங்கள் அறிவிப்புத் தொங்கவிடுவது அந்நாட்டு வழக்கம்.

பன்றி இறைச்சியை நீக்கிவிட்டால் அது ஜப்பானிய உணவாகுமா என வினவுவோர்க்கு இவ்வரலாறே விடை. சீனரின் நூடுல்ஸைத் தம் தட்பவெப்பத்திற்கேற்ப ஜப்பானியர் மாற்றிக்கொண்டனர். அவர்க்கிருந்த அவ்வுரிமை நமக்கு மட்டும் ஏன் இல்லாமற் போகும்? குளிர்ந்த சேமியா நமக்குப் புதிதுமன்று. ஃபலூடாவைச் சுவைத்தோர் அதனை அறிவர்.

இருவர்க்கு 200 கிராம் நூடுல்ஸ் போதும். நிறைய நீரில், உறையிற் குறித்த நேரம் வரை வேகவைத்து, வடித்தவுடன் குளிர்நீரிலிட்டுக் கையால் நன்கு அலசுதல் வேண்டும். பலரும் பொருட்படுத்தாது விடுவது இதனையே. மேலே படிந்த மாவுப்பசை நீங்கினால்தான் இழைகள் ஒட்டா. வேகுதலும் அந்நொடியே நிற்கும். பின்னர்ப் பனிக்கட்டி நீரில் சிறிது நேரம் வைத்தெடுக்க, பற்களுக்கு இதமான உறுதி கிட்டும். 'கோஷி' என்று ஜப்பானியர் போற்றுவது இவ்வுறுதியைத்தான். நீரை முற்றும் வடித்துவிடுக. இன்றேல் சாறு நீர்த்துப்போம்.

சோயா சாறு, வினிகர், நீர் ஆகியன வகைக்கு 3 மேசைக்கரண்டி, சர்க்கரை 2 மேசைக்கரண்டி, எள்ளெண்ணெய் 1 மேசைக்கரண்டி கலந்தால் சாறு ஆயிற்று. அவர்தம் எள்ளெண்ணெய் வறுத்த எள்ளிலிருந்து எடுக்கப்படுவது. நம் நல்லெண்ணெயில் அம்மணம் இராது. வறுத்துப் பொடித்த எள்ளைச் சேர்த்து அக்குறையைப் போக்கலாம். வெள்ளரி, தக்காளி, மெல்லிய முட்டை அடை ஆகியவற்றை இழையிழையாக அரிந்து மேலே அடுக்குவர். பன்றி இறைச்சிக்கு மாற்றாக, வேகவைத்துக் கிழித்த ஹலால் கோழி இறைச்சி சாலப் பொருந்தும்.

ஜப்பானியச் சமையலில் இனிப்பிற்காகச் சேர்க்கப்படும் 'மிரின்' ஏறத்தாழ 14 விழுக்காடு மது கலந்தது. மேற்கூறிய சாற்றிற்கு அது தேவையில்லை, சர்க்கரையே போதும். ஆயத்தச் சாறுகளில் அது கலந்திருக்கக்கூடும். சோயா சாறு சிலவற்றில் கெடாமைப் பொருட்டு மது சேர்க்கப்படுவதும் உண்டு. ஆதலின், உறையிலுள்ள பட்டியலைப் படித்தே வாங்குதல் வேண்டும். அயல்நாடு சென்று பயிலும் நம் மாணவர், எதில் என்ன கலந்துள்ளதோ என்றஞ்சி ரொட்டியும் பழமுமாகக் காலங்கழிப்பதினும், தம் அறையிலேயே இதனைச் செய்துண்ணலாம்.

நான் இதனைப் பரிந்துரைப்பதற்கு முதன்மையான காரணம் வேறு. கத்திரி வெயிலில் மதியச் சமையலுக்காக நம் தாய்மார் அடுப்பருகே நெடுநேரம் வெந்து நிற்கின்றனர். இவ்வுணவிற்கோ சிறிது நேரம் அடுப்பெரிந்தால் போதும். முட்டையையும் கோழியையும் காலையிலேயே சமைத்துவிடலாம். வாரத்தில் ஒருநாள் அவ்வேலையைப் பிள்ளைகள், குறிப்பாக ஆண்பிள்ளைகள், ஏற்கட்டும். நூடுல்ஸை அலசுவதற்கும் வெள்ளரி அரிவதற்கும் பெரும் பயிற்சி வேண்டுவதில்லை. ஜப்பானியர் இதனுடன் உண்ணும் சிவந்த இஞ்சி ஊறுகாய் கிடைக்காவிடின், இளஇஞ்சியை மெல்லியதாக அரிந்து, உப்பிட்ட வினிகரில் முந்திய இரவே ஊறவைத்துக்கொள்ளலாம்.