தப்பு அப்பத்தா மேல இல்ல, டி.வி மேல!

"எனக்குக் கை வரலப்பா. வயசாயிருச்சுல்ல..."

இதைச் சொல்லிவிட்டு கன்ட்ரோலரை சோபாவில் வைத்த அம்மா, எழுந்து அடுப்படிக்குள் போய்விட்டார். போன கோடை விடுமுறையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் நடந்தது இது. ஹாலில் நான், பெரியவன், சின்னவள் மூன்று பேரும் டி.வி-யைப் பார்த்தபடி பேசாமல் உட்கார்ந்திருந்தோம்.

முன்கதை சின்னதுதான். பெரியவன் அப்போது ப்ளஸ் டூ முடித்திருந்தான். கேம் ஆடும் கம்ப்யூட்டர் அவன் அறையில் இருந்தது. கதவைச் சாத்திக்கொண்டு, காதில் ஹெட்போனை மாட்டிக்கொண்டால் அவன் வேறு உலகத்தில் இருப்பான். சாப்பிடக் கூப்பிடவே வாட்ஸ்அப்பில் மெசேஜ் போட வேண்டும். இன்னும் இரண்டு மாதத்தில் ஹாஸ்டலுக்குப் போகப்போகிறான். திட்டிப் பார்த்து அலுத்துப்போய், ஒருநாள், "அந்தக் கம்ப்யூட்டரை ஹாலுக்குக் கொண்டு வந்து டி.வி-யில மாட்டுடா, நாங்களும் ஆடுறோம்" என்றேன். மறுப்பான் என்று நினைத்தேன். அன்றைக்கே கேபிளோடு வந்து நின்றான்.

'சோபாவில் உட்கார்ந்து கேம் ஆட கன்சோல் வாங்கணுமா, இருக்கிற கம்ப்யூட்டரே போதுமா?' என்று கேட்கிறவர்கள் நிறைய. இருக்கிறதே போதும். ஆனால் கேபிளை மாட்டினால் மட்டும் போதாது. அதை எங்களுக்குக் கற்றுக்கொடுத்தது அம்மாவின் அந்த ஒற்றை வரி.

பெரியவன் போட்டது 'ஓவர்குக்ட்' என்ற கேம். 2016-ல் வந்தது. ஒரு சமையலறை, நான்கு பேர் வரை சேர்ந்து ஆடலாம். வெங்காயத்தை எடுக்க வேண்டும், நறுக்க வேண்டும், பானையில் போட்டு சூப் வைக்க வேண்டும், தட்டில் ஊற்றி அனுப்ப வேண்டும். கவனிக்காமல் விட்டால் பானை தீப்பிடித்துவிடும். "அப்பத்தா, இது உனக்குன்னே செஞ்ச கேமு" என்று சொல்லித்தான் உட்கார வைத்தான். கல்யாண வீட்டுக்கே பந்தி நடத்திக் காட்டிய அம்மாவால், அந்தக் குட்டிச் சமையல்காரரை வெங்காயக் கூடைக்கு முன்னால் நிறுத்த முடியவில்லை. நிற்கச் சொன்னால் ஓரடி தள்ளிப் போய் நிற்கிறார். திருப்பினால் சுவரில் முட்டுகிறார். அம்மா பழியைத் தன் வயது மேல் போட்டுக்கொண்டார்.

அன்று ராத்திரி பெரியவன்தான் சந்தேகப்பட்டான். "நான் ஆடினப்பவும் ஒரு மாதிரி வழுக்குச்சுப்பா. எனக்குப் பழக்கம்கிறதால சமாளிச்சுட்டேன்" என்றான். பழைய மானிட்டரையும் டி.வி-யையும் ஒரே கம்ப்யூட்டரில் மாட்டி, இரண்டிலும் ஒரே காட்சி வரும்படி வைத்தான். திரையில் ஒரு ஸ்டாப் வாட்ச்சை ஓட விட்டான். இரண்டு திரையும் ஒன்றாக விழும்படி போனில் போட்டோ எடுத்தான். மானிட்டரில் 12.48 விநாடி. டி.வி-யில் 12.36.

அதாவது, மானிட்டரை விட டி.வி 0.12 விநாடி பின்தங்கி ஓடுகிறது. கேட்க ஒன்றுமில்லாத மாதிரி இருக்கும். ஆனால் கேம் விநாடிக்கு 60 படங்கள் வீதம் ஓடினால், 0.12 விநாடி என்பது ஏழு படம். நாம் பட்டனை விட்டு ஏழு படம் கழித்துத்தான் ஆள் நிற்பதைப் பார்க்கிறோம். சின்ன வயதிலிருந்து ஆடுகிறவன் கை தானாகவே அதற்கு ஈடு கட்டிக்கொள்கிறது. முதல் தடவை கன்ட்ரோலரைப் பிடிக்கிறவருக்கு எதனால் தப்பு வருகிறது என்றே தெரியாது. தன்னைத்தான் நொந்துகொள்வார்.

டி.வி ஏன் தாமதிக்கிறது? அதற்குக் கெட்ட எண்ணம் எதுவும் கிடையாது. வருகிற படத்தை அப்படியே காட்டாமல், நிறத்தைக் கூட்டி, புள்ளியைத் துடைத்து, அசைவை வழவழப்பாக்கி, அலங்காரம் செய்து அனுப்புகிறது. இரண்டு படங்களுக்கு நடுவே இல்லாத ஒரு படத்தைத் தானே வரைந்து செருகும் வேலையும் உண்டு. அதற்கு அடுத்த படம் வந்து சேரும் வரை காத்திருக்க வேண்டும். சினிமா பார்க்கும்போது கால் விநாடி தாமதமானாலும் நமக்குத் தெரியாது. கேம் ஆடும்போது கை காட்டிக்கொடுத்துவிடும்.

மருந்து டி.வி-யின் ரிமோட்டிலேயே இருக்கிறது. செட்டிங்ஸில் 'பிக்சர் மோட்' என்ற இடத்துக்குப் போய் 'கேம்' என்பதைத் தேர்ந்தெடுத்தால், இந்த அலங்காரங்களில் பெரும்பாலானவை நின்றுபோகும். சில டி.வி-களில் 'கேம் மோட்' தனியாக வேறு பக்கத்தில் ஒளிந்திருக்கும். இன்னும் சிலவற்றில் அந்த ஹெச்.டி.எம்.ஐ இணைப்பின் பெயரை 'பி.சி' என்று மாற்றிவிட்டாலே தாமதம் குறையும், எழுத்துகளும் தெளிவாகும். புது டி.வி-கள் சில, கேம் வருவதைத் தாமே மோப்பம் பிடித்து மாறிக்கொள்கின்றன. எங்களுடையது அவ்வளவு சமர்த்து இல்லை. கையால் மாற்றிவிட்டு மறுபடி போட்டோ எடுத்தான். 0.12 இருந்த இடத்தில் 0.02. படம் கொஞ்சம் வெளிறித் தெரிந்தது. தெரிந்துவிட்டுப் போகட்டும்.

ஒன்றை மறக்காதீர்கள். இந்த மாற்றம் பல டி.வி-களில் அந்த ஒரு ஹெச்.டி.எம்.ஐ இணைப்புக்கு மட்டும்தான் பொருந்தும். கேபிளை வேறு ஓட்டைக்கு மாற்றினால் திரும்பவும் பழைய கதைதான்.

மற்றவற்றைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம். கேபிளை கம்ப்யூட்டரின் கிராபிக்ஸ் கார்டில் இருக்கும் ஹெச்.டி.எம்.ஐ ஓட்டையில் மாட்ட வேண்டும். பின்பக்கம் மேலே மதர்போர்டிலும் ஒரு ஓட்டை இருக்கும். பார்க்க ஒரே மாதிரிதான். அதில் மாட்டினால் படமே வராது. வந்தாலும், காசு கொடுத்து வாங்கிய கார்டு சும்மா உட்கார்ந்திருக்கும். லேப்டாப்காரர்களுக்கு இந்தக் குழப்பம் இல்லை. மூடியை மூடினால் தூங்கிப்போகாதபடி பவர் செட்டிங்ஸில் சொல்லி வைத்தால் போதும். 'ஓவர்குக்ட்' மாதிரி கேம்களுக்கு ஆபீஸ் லேப்டாப்பே தாங்கும்.

விண்டோஸ் பட்டனையும் 'பி' எழுத்தையும் சேர்த்து அழுத்தினால், எந்தத் திரையில் படம் வர வேண்டும் என்று கேட்கும். ஆடும்போது டி.வி-யில் மட்டும் வரும்படி வையுங்கள். சத்தம் வரவில்லை என்றால் பதற வேண்டாம். கீழே இருக்கும் ஸ்பீக்கர் படத்தைத் தொட்டு, சத்தத்தையும் டி.வி-க்குத் திருப்பிவிட வேண்டும். படத்தின் நான்கு ஓரமும் வெட்டுப்பட்டுத் தெரிந்தால், டி.வி-யில் படத்தின் அளவு பற்றிய செட்டிங்கில் 'ஜஸ்ட் ஸ்கேன்', 'ஃபிட் டு ஸ்கிரீன்' என்று ஏதாவது ஒரு பெயரில் விடை இருக்கும்.

4கே டி.வி வைத்திருப்பவர்களுக்கு ஒரு ஆசை வரும், கேமையும் 4கே-யிலேயே ஓட்ட வேண்டும் என்று. 1080 அளவில் ஒரு படத்துக்கு சுமார் 20 லட்சம் புள்ளிகள். 4கே-யில் சுமார் 83 லட்சம். நான்கு மடங்கு வேலை. பழைய கார்டு மூச்சு வாங்கும். எட்டடி தள்ளி சோபாவில் சாய்ந்து உட்கார்ந்தால் எனக்கு வித்தியாசமே தெரியவில்லை. பெரியவன் தெரியும் என்கிறான். கம்ப்யூட்டர் அவனுடையது, ஆனாலும் 1080-தான் வைத்திருக்கிறோம்.

எழுத்து அளவில் மட்டும் கஞ்சத்தனம் கூடாது. மேஜையில் ஒன்றரை அடி தூரத்தில் படிக்கத்தான் விண்டோஸ் எழுத்துகள். டிஸ்ப்ளே செட்டிங்ஸில் 'ஸ்கேல்' என்பதை 4கே டி.வி-க்கு 300 சதவிகிதம் வரை ஏற்றலாம். அதைவிட நல்ல வழி, விண்டோஸையே கண்ணில் படாமல் செய்வது. 'ஸ்டீம்' மென்பொருளில் 'பிக் பிக்சர்' என்றொரு முகம் உண்டு. டி.வி-க்காகவே 2012-ல் கொண்டுவந்தார்கள். 2023-ல் முழுதாகப் புதுப்பித்தார்கள். பெரிய படங்கள், பெரிய எழுத்துகள், கன்ட்ரோலரிலேயே எல்லாம் நடக்கும். கம்ப்யூட்டரைப் போட்டதும் ஸ்டீம் தானாகத் திறக்கவும், இந்த முகத்தோடே திறக்கவும் அதன் செட்டிங்ஸில் வசதி இருக்கிறது. அதைச் செய்துவிட்டால் மவுஸைத் தேட வேண்டாம். ஆனாலும் ஒரு சின்ன வயர்லெஸ் கீபோர்டை சோபா பக்கத்தில் வைத்திருங்கள். 'அப்டேட் செய்யட்டுமா?' என்று விண்டோஸ் கேட்பது எப்போதும் சூப் கொதிக்கும் நேரத்தில்தான்.

கன்ட்ரோலர் எதுவானாலும் சரி. எக்ஸ்பாக்ஸ், பிளேஸ்டேஷன் இரண்டையும் ஸ்டீம் ஏற்றுக்கொள்ளும். எங்களுக்கு இதில் வந்த தொல்லை வேறு. சின்னவள் வைத்திருந்த கன்ட்ரோலர் அடிக்கடி துண்டித்துக்கொண்டே இருந்தது. ப்ளூடூத் டாங்கிள் கம்ப்யூட்டரின் முதுகில், உலோகப் பெட்டிக்கும் சுவருக்கும் நடுவே செருகியிருந்தது காரணம். பக்கத்திலேயே யு.எஸ்.பி 3 ஓட்டையில் ஒரு ஹார்டு டிஸ்க். யு.எஸ்.பி 3 வேலை செய்யும்போது, ப்ளூடூத் பயன்படுத்தும் அதே 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் இரைச்சல் கிளம்பும். ஒரு யு.எஸ்.பி நீட்டிப்பு வயர் வாங்கி, டாங்கிளை டி.வி ஸ்டாண்டின் முன்பக்கம் கொண்டுவந்து ஒட்டினோம். அன்றோடு சண்டை தீர்ந்தது. டாங்கிள் சண்டை மட்டும்.

இரண்டு எச்சரிக்கைகள். ஷோகேஸின் கீழ் அறையில் கம்ப்யூட்டரை வைத்துக் கண்ணாடிக் கதவைச் சாத்தாதீர்கள். அது தன் சூட்டையே திரும்பத் திரும்ப மூச்சாக இழுக்கும். நம் ஊர் சித்திரை வெயிலில் கேட்கவே வேண்டாம். கம்ப்யூட்டர் பெட்டியைத் தொட்டால் லேசாகச் சுள்ளென்று இருந்தால், அந்த ப்ளக் பாயின்ட்டுக்கு எர்த் சரியில்லை என்று அர்த்தம். கம்ப்யூட்டரின் பவர் சப்ளையிலிருந்து எர்த் வழியாகப் போக வேண்டிய சிறு மின்கசிவு, போக வழியில்லாமல் பெட்டியிலேயே நிற்கிறது. எங்கள் ஹாலில் அப்படித்தான் இருந்தது. எலெக்ட்ரீஷியனைக் கூப்பிட்டுச் சரிசெய்த பிறகே அம்மாவைக் கிட்டே விட்டேன். கேபிள் மாட்டும்போது இரண்டையும் அணைத்துவிட்டு மாட்டுங்கள்.

அம்மாவைத் திரும்ப உட்கார வைப்பதுதான் கடினமாக இருந்தது. "வேணாம்ப்பா, நீங்க ஆடுங்க, நான் பாக்குறேன்" என்று மூன்று நாள் தள்ளிப்போட்டார். பெரியவன் போனில் இருந்த இரண்டு போட்டோவையும் காட்டினான். "இங்க பாரு அப்பத்தா, 12.48, 12.36. நீ சரியாத்தான் அழுத்தியிருக்க. டி.வி-தான் லேட்டு."

அம்மா கண்ணாடியைப் போட்டுக்கொண்டு வெகுநேரம் அந்த எண்களைப் பார்த்தார். "அப்போ நான் அழுத்துனது சரிதானா?" என்று மறுபடி ஒருமுறை கேட்டுவிட்டு உட்கார்ந்தார்.

முதல் இரண்டு சூப் கருகியது. மூன்றாவது தட்டு போனதும் எங்களுக்கு உத்தரவு வர ஆரம்பித்தது. "ஏய் சின்னவளே, நீ தட்டக் கழுவு. டேய், ரெண்டு பேரும் ஒரே பலகைல நிக்காதீங்க. ஒருத்தன் நறுக்கு, ஒருத்தன் எடுத்துக் குடு." நான் எங்கே நின்றாலும் வழியில் நிற்கிறேன் என்று திட்டு வாங்கினேன்.

இப்போது பெரியவன் கோயம்புத்தூரில் ஹாஸ்டலில் இருக்கிறான். கம்ப்யூட்டர் ஹாலிலேயே இருக்கிறது. ஸ்டீமில் 'ரிமோட் பிளே டுகெதர்' என்று ஒரு வசதி உண்டு. ஒருவரிடம் கேம் இருந்தால் போதும். இணைப்பை அனுப்பினால் இன்னொருவர் வெளியூரில் இருந்தே சேர்ந்துகொள்ளலாம். சனிக்கிழமை ராத்திரி அவன் லேப்டாப்பிலிருந்து வருகிறான். ஹாஸ்டல் வைஃபை சுமார்தான். அவனுடைய சமையல்காரர் இப்போது சுவரில் முட்டுகிறார், வெங்காயத்தைத் தாண்டி ஓடுகிறார்.

போன வாரம் ஸ்பீக்கரில் அவன் சலித்துக்கொண்டான். "கையே வரல அப்பத்தா..."

"உன் கைக்கு ஒண்ணுமில்லடா. நெட்டு லேட்டு" என்றார் அம்மா. "நீ நறுக்க மட்டும் செய். ஓடுற வேலய நான் பாத்துக்கிறேன்."